லேசர் முடி நீக்கம்: தோல் கருக்காமல், திட்டு விழாமல் முடிக்க முழுமையான வழிகாட்டி

ஒரே கிளினிக், ஒரே கருவி. ஒருவருக்கு அக்குள் மழமழவென்று ஆகிவிடுகிறது. இன்னொருவருக்குத் தாடை முழுக்கக் கருந்திட்டு. விசாரித்துப் பார்த்தால், லேசர் பட்ட பதினைந்து நிமிடத்தில் நடந்த தவறு பாதி இருக்கும். மீதிப் பாதி முந்தைய நான்கு வாரத்திலோ அடுத்த இரண்டு வாரத்திலோ நடந்திருக்கும். அதனால் எதை எப்போது செய்ய வேண்டும் என்ற வரிசையிலேயே இந்த வழிகாட்டி போகிறது. மாநிறமும் கருநிறமும் உள்ள தோலை மனதில் வைத்தே எழுதப்பட்டது. திட்டு விழும் ஆபத்து அதிகம் அங்கேதான்.

1. எது மாறும், எது மாறாது என்று முதலில் பிரித்துக்கொள்ளுங்கள்

முடி நீக்கும் லேசர் தோலை வெளுக்க வைக்காது. அப்படிச் சொல்லி விற்பவரிடம் மேற்கொண்டு எதுவும் கேட்க வேண்டியதில்லை, எழுந்து வந்துவிடலாம். ஆனாலும் பலருக்குச் சிகிச்சைக்குப் பிறகு தோல் பளிச்சென்று தெரிவது உண்மை. அதற்கு மூன்று காரணங்கள் உண்டு.

முதலாவது நிழல். ஷேவ் செய்த தாடையிலும் மேலுதட்டிலும் தெரியும் சாம்பல் நிறம் தோலின் நிறமே அல்ல. தோலுக்குக் கீழே வெட்டுப்பட்டு நிற்கும் கருமுடி மேலே மங்கலாகத் தெரிகிறது, அவ்வளவுதான். வேர் அழிந்தால் நிழலும் போய்விடும். இரண்டாவது, உள்முடி. சுருள் முடியை ஷேவ் செய்தாலோ வாக்ஸ் செய்தாலோ வளரும் நுனி வளைந்து திரும்பத் தோலுக்குள்ளேயே குத்தும். கட்டி வரும், காய்ந்ததும் கரும்புள்ளி விடும். தாடி, கழுத்து, தொடை இடுக்கு மூன்றிலும் இந்தத் தொல்லைக்கு லேசர் நல்ல தீர்வு. மூன்றாவது, வருடக்கணக்காகப் பிடுங்கியும் சுரண்டியும் வந்த அழற்சிக் கருமை. பிடுங்குவது நின்றதும் அது மாதக் கணக்கில் மெல்ல வெளிறும்.

மங்கு, பருத்தழும்பு, வெயிலில் வந்த கருமை இவற்றுக்கும் முடிக்கும் சம்பந்தமில்லை. கழுத்திலும் அக்குளிலும் வெல்வெட் துணிபோலத் தடித்து வரும் கருமையும் அப்படித்தான். அது பெரும்பாலும் இன்சுலின் எதிர்ப்போடும் உடல் எடையோடும் வருவது. அதற்கு இரத்தப் பரிசோதனைதான் முதல் படி. மங்கு இருக்கும் கன்னத்தில் லேசரின் சூடு பட்டால் இன்னும் அடர்த்தியாகக்கூட ஆகலாம்.

உங்களுக்கு இருப்பது நிழலா நிறமியா என்று வீட்டிலேயே ஓரளவு கண்டுபிடிக்கலாம். பகல் வெளிச்சத்தில் கண்ணாடி முன் நின்று, தோலை இரண்டு விரலால் நன்றாக இழுத்துப் பிடியுங்கள். கருமை தனித்தனிப் புள்ளிகளாகப் பிரிந்து தெரிந்தால் அது முடி. இழுத்தும் திட்டாகவே இருந்தால் நிறமி. அன்றே அதே இடத்தில் ஒரு புகைப்படமும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். ஆறு மாதம் கழித்து ஒப்பிட நினைவை நம்ப முடியாது.

2. முடி லேசருக்குத் தகுந்ததா என்று பாருங்கள்

லேசர் ஒளி தேடிப் பிடிப்பது மெலனினை. முடியில் உள்ள கருநிறமி ஒளியை உறிஞ்சிச் சூடாகும், அந்தச் சூடு வேருக்குப் பரவி அதை அழிக்கும். நரைமுடி, செம்பட்டை முடி, பொன்னிற முடி இவற்றில் பிடிப்பதற்கு ஒன்றுமில்லை. எத்தனை சிட்டிங் போனாலும் பணம்தான் போகும். அவற்றுக்கு ஒவ்வொரு வேராக ஊசி நுழைத்து மின்சாரத்தால் அழிக்கும் எலக்ட்ராலிசிஸ்தான் வழி. தாடியில் நரை எட்டிப் பார்க்கத் தொடங்கியவர்கள் லேசரை ஒத்திப்போடக் கூடாது என்பதற்கும் இதுவே காரணம்.

கன்னத்தில் உள்ள மெல்லிய பூனை முடியைத் தொடாமல் விடுவது நல்லது. அந்த முடியில் நிறமி குறைவு, வேரும் மேலாகவே இருக்கும். வேரை அழிக்கப் போதாத சூடு அதற்குப் போனால், உறங்கிய வேர் விழித்துக்கொண்டு தடித்த கருமுடியை வளர்க்கத் தொடங்கலாம். அரிதுதான். ஆனால் வந்தால் பெரும்பாலும் முகத்திலும் கழுத்திலும், மாநிறத் தோலிலும், ஹார்மோன் கோளாறு உள்ளவர்களிடமும்தான் வருகிறது. ‘முழு முகம்’ என்று பேக்கேஜ் போட்டு விற்கும்போது இதை யாரும் சொல்வதில்லை.

பெண்களுக்குத் தாடை, மார்பு, தொப்புளுக்குக் கீழே தடித்த முடி வருவதோடு மாதவிடாயும் ஒழுங்கற்று இருந்தால் பிசிஓஎஸ் என்ற சினைப்பை ஹார்மோன் கோளாறு உள்ளதா என்று முதலில் பார்க்க வேண்டும். உள்ளே ஆண்ட்ரோஜன் என்ற ஆண் ஹார்மோன் அதிகமாக இருக்கும்வரை புதுப்புது வேர்கள் தடித்துக்கொண்டே வரும். லேசர் பழையதை அழிக்கும், ஹார்மோன் புதியதை அனுப்பும். இரண்டுக்கும் சேர்த்தே சிகிச்சை நடக்கலாம். லேசரை மட்டும் நம்பினால் முடிவே வராது. குரல் தடிப்பது, சில மாதங்களிலேயே முடி வேகமாகப் பரவுவது போன்ற மாற்றம் இருந்தால் லேசர் பற்றிய யோசனையே வேண்டாம், மருத்துவரிடம் போங்கள்.

3. மருத்துவரிடம் மறைக்கக் கூடாதவை

கிளினிக்கில் தரும் படிவத்தைப் பலர் கண்ணை மூடிக்கொண்டு ‘இல்லை, இல்லை’ என்று நிரப்பித் தருகிறார்கள். கொப்புளம் வந்த பிறகுதான் மாத்திரை விஷயம் வெளியே வருகிறது.

பருவுக்கு டாக்ஸிசைக்ளின் சாப்பிடுகிறீர்களா? அந்த வகை ஆன்டிபயாடிக்குகள் தோலை ஒளிக்குக் கூசச் செய்யும். பருவுக்கான ஐசோட்ரெட்டினோயின் மாத்திரை எடுக்கிறீர்களா, எடுத்து முடித்து எத்தனை மாதம் ஆயிற்று என்று சொல்லுங்கள்; எத்தனை நாள் காத்திருப்பது என்பதை மருத்துவர் முடிவு செய்வார். மூட்டுவாதத்துக்குத் தங்க உப்பு ஊசி எப்போதாவது போட்டிருந்தால் அது பத்து வருடத்துக்கு முந்தையது என்றாலும் சொல்ல வேண்டும். தோலில் தங்கிய அந்தத் துகள்கள் லேசர் பட்டால் நீலச்சாம்பல் நிறமாக மாறிவிடலாம்.

உதட்டோரம் அக்கி போன்ற ஹெர்பிஸ் கொப்புளம் அடிக்கடி வருமென்றால், மேலுதட்டு லேசருக்கு முன்பே தடுப்பு மாத்திரை தொடங்குவார்கள். அடிபட்ட இடம் மேடாகத் தழும்பு கட்டும் உடல்வாகு, வெண்புள்ளி, சொரியாசிஸ், கர்ப்பம் எல்லாமே சொல்ல வேண்டியவை. கர்ப்பத்தில் பாதுகாப்பு பற்றிப் போதிய ஆய்வு இல்லை என்பதால் பொதுவாகத் தள்ளிப்போடுவார்கள். அந்தக் காலத்தில் வரும் கூடுதல் முடியில் ஒரு பகுதி தானாகவே உதிர்ந்துவிடும்.

பச்சை குத்திய இடத்தின்மீது முடி நீக்கும் லேசர் படவே கூடாது. மையும் ஒளியை உறிஞ்சும். அங்கே தீக்காயம் உறுதி. மச்சங்களை மூடிவிட்டுச் செய்ய வேண்டும்.

4. உங்கள் நிறத்துக்கு எந்தக் கருவி என்று கேளுங்கள்

மெலனின் முடியில் மட்டும் இல்லை, மேல்தோலிலும் இருக்கிறது. ஒளி வேரை அடையும் முன் மேல்தோலைக் கடந்தாக வேண்டும், அங்கே ஒரு பங்கை அது இழக்கும். தோல் கருக்கக் கருக்க அந்தப் பங்கு கூடும். தீக்காயமும் கருந்திட்டும் இதிலிருந்துதான் வருகின்றன. அலைநீளம் கூடினால் மெலனின் ஒளியை உறிஞ்சுவது குறையும், ஒளி ஆழமாகவும் போகும்.

அலெக்ஸாண்ட்ரைட் லேசர் 755 நானோமீட்டர். வெளிர் நிறத்தில் நன்றாக வேலை செய்யும். கருத்த தோலுக்கு ஆபத்து. டயோட் பெரும்பாலும் 800 முதல் 810 நானோமீட்டர். மாநிறத்துக்கு, அனுபவமுள்ளவர் கையில் சரி. என்டி யாக் 1064 நானோமீட்டர். கருத்த தோலுக்கு மிகவும் பாதுகாப்பானது இதுதான். வலி கொஞ்சம் கூடுதல், மெல்லிய முடியில் பலன் குறைவு. அந்தக் குறையை ஏற்றுக்கொண்டுதான் பாதுகாப்பை வாங்குகிறோம்.

ஐபிஎல் என்பது லேசரே அல்ல. பல அலைநீளங்கள் கலந்த பளீர் ஒளியை வடிகட்டி அனுப்பும் விளக்கு அது. கருத்த தோலில் திட்டு விழ வைப்பதில் இதற்குத் தனிப் பெயர் உண்டு. வீட்டில் பயன்படுத்தும் கருவிகளில் பெரும்பாலானவை ஐபிஎல்தான். நல்ல கருவியில் தோல் நிறம் பார்க்கும் சென்சார் இருக்கும், கருத்த தோலில் அது சுடவே மறுத்துவிடும். அந்த மறுப்பை மீற வழி தேடாதீர்கள்.

கேட்க வேண்டிய கேள்வி ‘நல்ல மெஷினா?’ என்பது அல்ல. ‘எந்த அலைநீளம், என் நிறத்துக்கு எத்தனை ஜூல், எத்தனை மில்லி வினாடி, எப்படிக் குளிர வைப்பீர்கள்?’ என்று கேளுங்கள். ஜூல் என்பது ஆற்றலின் அளவு. மில்லி வினாடி என்பது துடிப்பின் நீளம், அதாவது ஒருமுறை பாயும் ஒளி எவ்வளவு நேரம் நீடிக்கிறது என்பது. அதைக் கேட்பதற்குக் காரணம் உண்டு. மேல்தோல் வாங்கிய சூட்டைச் சில மில்லி வினாடிகளில் இறக்கிவிடும். தடித்த முடிவேர் அதைப் பத்துக் கணக்கான மில்லி வினாடிகள் பிடித்து வைத்திருக்கும். ஆகவே கருத்த தோலுக்கு நீளமான துடிப்பு வேண்டும். அதே ஆற்றலைச் சட்டென்று ஒரே அடியாகக் கொட்டினால் மேல்தோல் வெந்துவிடும்.

5. நான்கு வாரத்துக்கு முன்: வேரை விட்டுவையுங்கள், வெயிலைத் தவிருங்கள்

த்ரெடிங், வாக்சிங், எபிலேட்டர், ட்வீசர் எல்லாவற்றையும் நான்கு முதல் ஆறு வாரம் நிறுத்துங்கள். இவை முடியை வேரோடு பிடுங்குகின்றன. வேரில் முடி இல்லையென்றால் லேசர் சூடாக்குவதற்கு உள்ளே ஒன்றும் இருக்காது. ஷேவ் செய்யலாம், கத்தரிக்கலாம். ஷேவ் செய்தால் முடி தடிக்கும் என்பது நுனி மழுங்கி வளர்வதால் வரும் தோற்றம் மட்டுமே. முகத்தில் ரேசர் வைக்கப் பயந்து இடையில் த்ரெடிங்குக்குப் போய்விட்டு வருபவர்கள்தான் புதியவர்களில் அதிகம்.

வெயிலில் கருத்த தோலோடு போகக் கூடாது. அந்தக் கூடுதல் மெலனின் லேசரைத் தன் பக்கம் இழுக்கும். வெயிலில் அலைய வேண்டிய பயணம் இருந்தால் சிட்டிங்கை நான்கு வாரம் தள்ளி வையுங்கள். முகம், கை, கழுத்துக்கு எஸ்பிஎஃப் 30க்குக் குறையாத சன்ஸ்கிரீனை இப்போதே தொடங்கிவிடுங்கள். போன மாதம் தாங்கிய அதே ஆற்றலை, இந்த மாதம் கருத்துப்போன தோல் தாங்காது. நான்காவது, ஐந்தாவது சிட்டிங்கில் திடீரென்று வரும் தீக்காயங்களுக்குப் பின்னால் பல நேரம் இதுதான் இருக்கும்.

ரெட்டினால், ட்ரெடினோயின், கிளைகோலிக் அமிலம், சாலிசிலிக் அமிலம், பென்சாயில் பெராக்சைடு போன்றவற்றை அந்த இடத்தில் ஒரு வாரம் முன்பே நிறுத்துங்கள். கெமிக்கல் பீல் செய்திருந்தால் இன்னும் நீண்ட இடைவெளி வேண்டும். வெளுக்கும் கிரீம் பூசுபவர்கள் அதன் குழாயையே எடுத்துப்போய் மருத்துவரிடம் காட்டுங்கள். பலவற்றில் ஸ்டீராய்டு கலந்திருக்கும். ஸ்டீராய்டு நாள்பட மெலிய வைத்த தோல் லேசரைத் தாங்காது. போதாததற்கு, ஸ்டீராய்டே முகத்தில் முடியை வளர்க்கவும் செய்யும்.

6. சோதனைப் புள்ளி இல்லாமல் தொடங்காதீர்கள்

சிகிச்சை செய்யப்போகும் இடத்திலேயே ஓரமாக, கண்ணில் படாத மூலையில், மூன்று நான்கு துடிப்புகள் மட்டும் கொடுத்துப் பார்ப்பார்கள். கையில் சோதித்துவிட்டு முகத்தில் முழு ஆற்றலையும் வைப்பது சோதனையே ஆகாது. ஒவ்வொரு இடத்தின் நிறமும் தடிமனும் வேறு.

கொப்புளம் வருமா என்பது 48 மணி நேரத்துக்குள் தெரிந்துவிடும். கருமை வருமா என்பது அவ்வளவு சீக்கிரம் தெரியாது. மாநிறத் தோலில் ஒன்று இரண்டு வாரம் கழித்துத்தான் தலைகாட்டும். ‘அரை மணி நேரம் பார்த்தோம், ஒன்றும் ஆகவில்லை’ என்று அன்றைக்கே முழுச் சிட்டிங்கையும் முடிக்கும் இடத்தில் பொறுமை இல்லை என்று அர்த்தம். கருவியையோ கிளினிக்கையோ மாற்றினாலும் சோதனையைத் திரும்பச் செய்ய வேண்டும்.

7. முந்தைய நாள்: சரியாக ஷேவ் செய்யுங்கள்

12 முதல் 24 மணி நேரத்துக்கு முன் ஷேவ் செய்யுங்கள். காரணம் எளிது: தோலுக்கு மேலே நீட்டிக்கொண்டிருக்கும் முடி லேசரை முதலில் வாங்கிக்கொண்டு கருகும், அந்தச் சூடு தோலின் மேற்பரப்பிலேயே நிற்கும். வேருக்குப் போகவேண்டியது வீணாகும், தோலிலும் சூட்டுப்புள்ளி விழும்.

இன்னொரு விஷயம் பலருக்குத் தெரியாது. கருகிய முடித் துணுக்குகள் ஹேண்ட்பீஸின் (லேசர் கருவியின் கைப்பிடிப் பகுதி) கண்ணாடி முனையில் கரிபோல ஒட்டிக்கொள்ளும். அடுத்த துடிப்பில் அந்தக் கரியே ஒளியை உறிஞ்சிப் பழுக்கச் சூடாகி, முத்திரை குத்தியதுபோல அடுத்த இடத்தைச் சுடும். அரைகுறையாக ஷேவ் செய்து போனால் நடப்பது இது.

புதிய பிளேடு, வழுக்கலுக்கு ஜெல், முடி வளரும் திசையில் ஒருமுறை. எதிர்த்திசையில் அழுத்தி இழுத்தால் தோலில் கீறல் விழும், கீறலில் லேசர் கூடாது. கிளம்பும் காலையில் அவசரமாக ஷேவ் செய்வதையும் இதனால்தான் தவிர்க்கச் சொல்கிறோம். முடி நீக்கும் கிரீம் வேண்டாம், அது தோலை எரிச்சலோடு விட்டுச்செல்லும்.

அன்று டியோடரன்ட், எண்ணெய், மேக்கப், சென்ட் எதுவும் அந்த இடத்தில் இருக்கக் கூடாது. முகத்துக்கு என்றால் கண்மை உட்பட எல்லாவற்றையும் கழுவிவிட்டுப் போங்கள்.

மரத்துப்போகும் கிரீமைப் பற்றி ஒரு எச்சரிக்கை. மேலுதடுபோன்ற சிறிய இடத்துக்கு மருத்துவர் சொன்ன அளவில் பரவாயில்லை. இரண்டு கால் முழுக்கப் பூசி பிளாஸ்டிக் தாளால் சுற்றி வைப்பது உயிருக்கே ஆபத்து. அதிலுள்ள லிடோகெயின் என்ற மரக்கச் செய்யும் மருந்து தோல் வழியாக இரத்தத்தில் ஏறி வலிப்பையும் இதயத் துடிப்புக் கோளாறையும் உண்டாக்கும். லேசருக்கு முன் இப்படிச் செய்த பெண்கள் இறந்ததையடுத்து அமெரிக்காவின் உணவு, மருந்து நிர்வாகம் 2007இல் பொது எச்சரிக்கையே வெளியிட்டது. வலியே தெரியாமல் மரத்துப்போனால் இன்னொரு நஷ்டமும் உண்டு: சுடுகிறது என்று சொல்ல ஆளிருக்காது.

8. சிட்டிங்கின்போது கவனிக்க வேண்டியவை

முதலில் கண். அந்த அலைநீளத்துக்கென்றே உள்ள கண்ணாடியை அறையில் இருக்கும் அனைவரும் போட வேண்டும். முகத்தில் செய்யும்போது உங்கள் கண்ணை முழுக்க மறைக்கும் கவசம் வேண்டும். புருவத்துக்குக் கீழே, கண்குழி எலும்புக்கு உள்பக்கமாக லேசரை வைக்கவே கூடாது. மூடிய இமையைத் தாண்டி ஒளி உள்ளே போகும். கண்ணுக்கு நிறம் தரும் திரையும் (ஐரிஸ்) மெலனின் நிறைந்ததுதான். புருவத்தைத் திருத்தப் போய் அது சேதமான சம்பவங்கள் மருத்துவப் பதிவுகளில் இருக்கின்றன. புருவத்துக்கு த்ரெடிங்கே போதும்.

எல்லை குறிக்க எந்தப் பேனாவை எடுக்கிறார்கள் என்று பாருங்கள். வெள்ளை நிறப் பென்சிலாக இருக்க வேண்டும். கறுப்பு, நீல மையில் கோடு போட்டு அதன்மேல் சுட்டால் அந்தக் கோடு அப்படியே தீக்காயமாகத் தோலில் பதியும்.

குளிர்விப்பு மூன்று விதம்: குளிர்ந்த சஃபையர் முனை, ஒவ்வொரு துடிப்புக்கும் முன் பீய்ச்சும் குளிர்வாயு, தொடர்ந்து வீசும் குளிர்காற்று. எதுவானாலும் துடிப்புக்கு முன்னும் பின்னும் தோல் சில்லென்று இருக்க வேண்டும். சஃபையர் முனை என்றால் தோலில் தட்டையாகப் படிந்திருக்க வேண்டும். தாடை எலும்பு, கணுக்கால், முழங்கால் போன்ற வளைவுகளில் முனையின் ஒரு ஓரம் தூக்கிக்கொள்ளும். அந்த ஓரத்தில் பிறை வடிவத்தில் காயம் விழும். காயத்தின் வடிவத்தை வைத்தே காரணத்தைச் சொல்லிவிடலாம். பிறை என்றால் குளிர்விப்பு முனை சாய்ந்திருக்கிறது. முனையின் அளவிலேயே முழுச் சதுரமோ வட்டமோ விழுந்தால் ஆற்றல் அதிகம். இரண்டு சதுரம் சேரும் இடத்தில் மட்டும் கோடு என்றால் ஒன்றன்மேல் ஒன்று அதிகமாக ஏற்றி அடித்திருக்கிறார்கள்.

ரப்பர் பேண்டை இழுத்து விட்டதுபோலச் சுள்ளென்று ஒரு வலி, உடனே அடங்க வேண்டும். சூடு அடங்காமல் ஏறிக்கொண்டே போனால், எரிச்சல் ஒரே இடத்தில் தங்கினால், பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருக்காதீர்கள். நிறுத்தச் சொல்லுங்கள். முனையைத் துடைத்து, ஆற்றலைக் குறைத்து, பிறகு தொடரலாம். கரி துடைப்பதை நீங்கள் கேட்டுத்தான் செய்ய வேண்டும் என்றில்லை. சில பத்துத் துடிப்புகளுக்கு ஒருமுறை அவர்களே துடைப்பார்கள். துடைக்கவில்லை என்றால் கேளுங்கள்.

கருகிய முடி வாடை வருவது இயல்பு. அந்தப் புகை உடலுக்கு நல்லதல்ல என்பதால் அறையில் புகை இழுக்கும் குழாயோ நல்ல காற்றோட்டமோ இருக்க வேண்டும். தோலே கருகும் வாடை, வெள்ளையாகவோ சாம்பலாகவோ மாறும் தோல், உடனே எழும் கொப்புளம் இவை மூன்றும் அபாயக் குறிகள்.

சரியாக நடந்ததற்கு அடையாளம் என்ன? சில நிமிடங்களில் ஒவ்வொரு மயிர்க்காலைச் சுற்றியும் கடுகளவு வீக்கமும் லேசான சிவப்பும் வரும். மயிர்க்கால்கள் மட்டும் எழும்பி, இடையில் உள்ள தோல் அமைதியாக இருக்க வேண்டும். கருத்த தோலில் சிவப்பு கண்ணுக்குத் தெரியாது, தடவினால் மேடுமேடாகத் தெரியும். இடைத்தோலும் சேர்ந்து பலகைபோல வீங்கினால் ஆற்றல் கூடிவிட்டது.

முடிந்ததும் அலைநீளம், ஜூல், மில்லி வினாடி, முனையின் அளவு இந்த நான்கையும் குறித்து வாங்கிக்கொள்ளுங்கள். ஆள் மாறினாலும் எண் கையில் இருக்கும்.

9. முதல் 48 மணி நேரம்

குளிர்ந்த நீரில் நனைத்துப் பிழிந்த துணியால் பத்து நிமிடம் ஒற்றுங்கள், இடைவெளி விட்டுத் திரும்பச் செய்யுங்கள். ஐஸ் கட்டியை நேராக வைக்காதீர்கள். அதீதக் குளிரும் தோலைக் காயப்படுத்தும், அந்தக் காயமும் கருக்கும். வாசனை இல்லாத மாய்ஸ்சரைசர் போதும். சிவப்பு அதிகமாக இருந்தால் ஓரிரு நாளுக்கு மென்மையான ஸ்டீராய்டு கிரீமை மருத்துவர் எழுதித் தருவார். கருமை வரும் தோலில் அழற்சியை முதல் நாளே அடக்குவது முக்கியம்.

வெந்நீர்க் குளியல், நீராவி, ஜிம், நீச்சல், இறுக்கமான உள்ளாடை எல்லாம் இரண்டு நாள் வேண்டாம். சூடும் வியர்வையும் உரசலும் ஏற்கெனவே வீங்கிய மயிர்க்காலில் கிருமி சேர வழி செய்யும். அக்குளுக்கு டியோடரன்ட்டும் 48 மணி நேரம் கழித்தே.

10. அடுத்த மூன்று வாரம்: முளைப்பதுபோல உதிரும்

ஒரு வாரத்தில் முடி திரும்ப வளர்வதுபோலத் தெரியும். பயந்து போன் போடாத ஆளே இல்லை. உண்மையில் இறந்த முடியைத் தோல் மெல்ல வெளியே தள்ளுகிறது. மேலுதட்டிலும் தாடையிலும் மிளகைத் தூவியதுபோலக் கரும்புள்ளிகள் நிற்கும். தோல் முன்னைவிட அழுக்காகத் தெரிவதும் இந்த நாட்களில்தான். ஒன்று முதல் மூன்று வாரத்தில் குளிக்கும்போதே உதிர்ந்துவிடும்.

இதைப் பிடுங்கித் தள்ள வேண்டும் என்று கை பரபரக்கும். செய்யாதீர்கள். பிடுங்கினால் அழற்சி, அழற்சியால் கருமை. முதல் வாரம் ஸ்கிரப் கூடாது. அதன் பிறகு ஈரத்துணியால் வட்டமாக மெதுவாகத் தேய்த்தால் போதும். தாங்க முடியவில்லை என்றால் தோல் ஆறியதும் ஷேவ் செய்துகொள்ளலாம். நிறுத்திவைத்த ரெட்டினாலை ஒரு வாரம் கழித்து, எரிச்சல் துளியும் இல்லை என்றால் மட்டும் திரும்பத் தொடங்கலாம்.

சன்ஸ்கிரீன் இந்தக் காலத்தில் கட்டாயம். மேகமூட்டம், வண்டிக்குள், ஜன்னலோரம் எல்லாம் கணக்கில் வரும். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை திரும்பப் பூசுங்கள். பட்டாணி அளவு எடுத்து முகம் முழுக்கத் தடவினால் பெட்டியில் எழுதிய பாதுகாப்பு கிடைக்காது. ஆள்காட்டி, நடு விரல் இரண்டின் நீளத்துக்கும் பிதுக்கியது முகத்துக்கும் கழுத்துக்கும் வேண்டும்.

11. அடுத்த சிட்டிங் எப்போது, மொத்தம் எத்தனை

எல்லா முடியும் ஒரே நேரத்தில் வளர்வதில்லை. வளரும் கட்டத்தில் உள்ள முடி மட்டுமே வேரோடு நன்றாகப் பிணைந்து நிற்கும், அதைத்தான் லேசர் அழிக்கும். ஓய்வில் இருக்கும் வேர் அன்றைக்குத் தப்பித்துவிடும், பிறகு முளைக்கும். முகத்துக்கு நான்கு முதல் ஆறு வாரம், அக்குள், தொடை இடுக்குக்கு ஆறு முதல் எட்டு, கால், முதுகுக்கு எட்டு முதல் பன்னிரண்டு வாரம் என்று இடைவெளி விடுவது இதற்காக. கல்யாணத்துக்கு இரண்டு மாதம்தான் இருக்கிறது, வாரம் ஒருமுறை அடித்து முடித்துவிடுங்கள் என்று கேட்பவர்கள் உண்டு. வேர் வேகமாக விழிக்காது, தோல்தான் ஆற நேரமில்லாமல் கருக்கும்.

உடம்புக்கு ஆறு முதல் எட்டு சிட்டிங் என்பது வழக்கமான கணக்கு. ஹார்மோன் கோளாறுள்ள முகத்துக்கு அதற்கு மேலும் ஆகும். ‘நிரந்தரம்’ என்ற சொல்லுக்கு இங்கே ‘எண்ணிக்கை நீண்ட காலத்துக்குக் குறைந்திருக்கும்’ என்றுதான் பொருள். ஒரு முடிகூட வராது என்பதல்ல. முடி மெலிந்து குறையக் குறைய ஆற்றலைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டுவார்கள். வரிசையாக மூன்று சிட்டிங்கில் எந்த மாற்றமும் இல்லையென்றால் நான்காவதற்குப் பணம் கட்டும் முன் சிட்டிங் முடிவில் குறித்து வாங்கிய அந்த நான்கு எண்களை எடுத்துக்கொண்டு வேறொரு தோல் மருத்துவரைப் பாருங்கள்.

12. கொப்புளமோ கருமையோ வந்துவிட்டால்

கொப்புளத்தை உடைக்காதீர்கள். குளிர்ந்த நீரால் ஆற்றி, பெட்ரோலியம் ஜெல்லி தடவி, உரசாமல் மூடி வைத்து, அதே நாளில் மருத்துவரிடம் காட்டுங்கள். பற்பசை, எலுமிச்சை போன்ற கைவைத்தியங்கள் சாதாரணத் திட்டைத் தழும்பாக்கும். பொருக்கு தானாக விழட்டும். சீழ், காய்ச்சல், நாளுக்கு நாள் பரவும் வலி இருந்தால் காத்திருக்கக் கூடாது.

பின்னால் வரும் கருமை பெரும்பாலும் தற்காலிகம்தான்; மறைய மூன்று மாதமும் ஆகலாம், ஒரு வருடமும் ஆகலாம். அதுவரை செய்ய வேண்டிய முதல் வேலை சன்ஸ்கிரீன். அசெலாயிக் அமிலம், நியாசினமைடு போன்றவற்றைத் தோல் முழுக்க ஆறிய பிறகே தொடங்க வேண்டும். கருமையைக் குறைக்கும் ஹைட்ரோகுவினோன் கிரீமை மருத்துவர் கண்காணிப்பில் குறிப்பிட்ட காலத்துக்கு மட்டும். கருமை நீங்கும் வரை அந்த இடத்தில் அடுத்த சிட்டிங் இல்லை: கருத்த திட்டு இன்னும் அதிகமாக லேசரை உறிஞ்சி, காயத்தின்மேல் காயமாகும். ‘பேக்கேஜ் காலாவதியாகிவிடும்’ என்ற பயத்தில் இதை மீறுபவர்கள்தான் ஆழமான திட்டோடு வந்து நிற்கிறார்கள்.

வெள்ளையாக விழும் திட்டு வேறு விஷயம். நிறமி செல்களே அடிபட்டிருக்கின்றன என்று அதற்கு அர்த்தம். திரும்ப நிறம் ஏற நெடுங்காலம் ஆகும், சில நேரம் முழுமையாக ஏறாது. அதைப் பார்த்தவுடன் சிகிச்சையை நிறுத்திவிட வேண்டும்.

முடி குறைவதற்குப் பதிலாக, சிகிச்சை செய்த இடத்தின் விளிம்பை ஒட்டிப் புதிதாகத் தடித்த முடி தெரிந்தால், தொடக்கத்தில் எடுத்த புகைப்படத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள். உண்மையாக இருந்தால் ஹார்மோன் பரிசோதனை முதலில், லேசர் பிறகு. அளவுகளை மாற்றி, விளிம்புகளைக் குளிர் ஒத்தடத்தால் காத்து, அதே லேசராலேயே அந்தப் புது முடியையும் பல நேரம் அழிக்க முடிகிறது.